கோதுமை வயலில் ஒரு கப்பற்படை

கனடா தேசத்தின் நடுவில் ஸஸ்கட்டூன் என்று ஒரு பட்டணம். நாற்புறமும் கண்ணுக்கெட்டிய தூரம் கோதுமை வயல்தான். அங்கே பிறந்து வளர்ந்த பையன் பஸிபிக் சமுத்திரத்தைப் பார்க்க ஆசைப்பட்டால் மேற்கே ஆயிரம் மைலுக்கு மேல் ரயிலில் போக வேண்டும். அப்பேர்ப்பட்ட ஊரில் 'யூனிகார்ன்' என்ற பெயருடன் கடற்படைக் கப்பல் ஒன்று இருக்கிறதென்றால் நேயர்கள் நம்புவீர்களா?

இருப்பது வாஸ்தவம். ஆனால் அது மிதப்பதில்லை. அது ஒரு கட்டிடம். கப்பலுக்கு இடுவதைப் போல் அதற்குப் பெயரிட்டு, கப்பலில் நடக்கும் ஒழுங்குகளையெல்லாம் அதற்குள் நடத்துகிறார்கள். தரைக்குக் 'கப்பல் தளம்' என்று பெயர். வாசற்படி தாண்டித் தெருவில் கால் வைத்தால் 'கரை இறங்கி விட்டதாக' அர்த்தம். வாரத்தில் ஒரு நாள் மாலை, உபாத்தியாயர்களும் குமாஸ்தாக்களும் கலாசாலை மாணவர்களும் தங்கள் தொழிலை முடித்துக்கொண்டு, உடுப்பு மாற்றிக்கொண்டு அங்கே கூடுகிறார்கள். கயிற்று முடிச்சு முதல் கப்பல் செலுத்தும் சாஸ்திரம் வரையில் பயிலுகிறார்கள். வினிபெக்கில் 'சிப்பவா', ரெஜைனாவில் 'குவீன்' என்று இப்படிக் கனடா முழுவதும் 24 'கப்பல்கள்' உண்டு. இவையே அந்நாட்டுக் கடற்படையின் தொண்டர் சேமப் படை.

கேட்பதற்கு வேடிக்கையாக இருக்கிறதல்லவா? இந்த ஏற்பாடு பிறந்த விதத்தைக் கேட்டால் வேடிக்கை குறைந்துவிடும்.

1910-ல் பிரதம மந்திரி ஸர் வில்பிரிட் லாரியர் கனடாவுக்கென்று ஒரு கப்பற்படை வேண்டும் என்று சட்டம் செய்தார். பிரிட்டனுக்கு உதவ இது போதாது என்று ஒரு சாரார் பரிகசித்தார்கள். பிரிட்டனுடைய சண்டைகளில் எங்கள் பிள்ளைகளை மாட்டிவைக்கவே இந்தச் சூழ்ச்சி என்று பிரெஞ்சு பேசும் மக்கள் குமுறினார்கள். பழைய கப்பல்கள் இரண்டை விலைக்கு வாங்கியதோடு உற்சாகம் அடங்கிப் போயிற்று. அவற்றில் 'ரெயின்போ' என்ற கப்பலுக்குத் தலைவராக இருந்தவர் வால்டர் ஹோஸ். விக்டோரியா நகரத்துப் பிரஜைகள் சிலர், சர்க்கார் உத்தரவும் இல்லாமல், சம்பளமும் இல்லாமல், 1913-ல் தாமாகவே கூடிக் கடற்படைப் பயிற்சி செய்யத் தொடங்கியபோது, அவர்களுக்கு ஆதரவு காட்டியவர் இவர்தான். மறு வருஷம் மே மாதத்தில் சர்க்காரும் தொண்டர் படையை அங்கீகரித்தார்கள். மூன்று மாதத்துக்குள் முதல் உலக யுத்தம் மூண்டது.

யுத்தம் முடிந்ததும், எங்கும் நடப்பது போலவே, சிக்கனப் பேச்சு ஆரம்பமாயிற்று. 1922-ல் கப்பற்படையின் வருஷச் செலவை 15 லட்சம் டாலராகக் குறைத்து விட்டார்கள். பெரிய கப்பலும் நீர்மூழ்கிகளும் கைவிடப்பட்டன. கடற்படைக் கலாசாலை மூடப்பட்டது. இரண்டு நாசகாரிக் கப்பல்களும், சில சிறு படகுக் கப்பல்களுமே மிச்சம். அப்போது கடற்படையின் தலைமைப் பதவியில் இருந்தவர் அதே ஹோஸ்.

அவர் செய்த யோசனையைக் கவனியுங்கள். கனடாவில் கடற்கரையில் வசிப்பவர்களைவிட உள்நாட்டில் வசிப்பவர்களே அதிகம். பார்லிமெண்டில் பண மானியத்துக்குக் கை தூக்குகிறவர்களில் பெரும்பாலோரும் உள்நாட்டவரின் பிரதிநிதிகளே. கண்ணால் காணாத கப்பற்படையிடம் அவர்களுக்கு எப்படி அபிமானம் உண்டாகும்? அவர்கள் கடலுக்கு வராவிட்டால் கடற்படை அவர்கள் வீதிக்குப் போகட்டும் என்று தீர்மானித்தார். 1923 ஜனவரியில் கனடாவின் கடற்படைத் தொண்டர் சேமப் படை புதிதாக அமைந்தது. வாரம் ஒரு மாலைப் பயிற்சி, வருஷத்தில் இரண்டு வாரம் கடற்கரைத் தளத்தில் அப்பியாசம். அவ்வளவுதான் திட்டம். 1933-ல் பொருளாதார மந்தத்தின்போது கப்பற்படையை அநேகமாக இல்லாமலே செய்துவிட ஒரு முயற்சி நடந்தது. அப்போதும் ஹோஸ் வாதாடிக் காப்பாற்றினார். மறு வருஷம் பதவியிலிருந்து ஓய்வு பெற்றார்.

1939 செப்டம்பரில் மீண்டும் யுத்தம் வந்தது. கனடாவின் நிரந்தரக் கடற்படையில் அன்று இருந்தவர்கள் சுமார் 1,800 பேர். யுத்தம் முடிந்தபோது கடற்படையில் ஏறக்குறைய ஒரு லட்சம் பேர் இருந்தார்கள். அவர்களில் மிகப் பெரும்பாலோர் தொண்டர் படை வழியாக வந்தவர்கள். அதிகாரிகளின் சட்டைக் கையில் நேரான சரிகைக்குப் பதிலாக அலை அலையாக வளைந்த சரிகை இருந்ததால், 'அலைக் கப்பற்படை' என்று வேடிக்கையாக அவர்களை அழைத்தார்கள். 1942-ல் பெண்களுக்கென்று தனிப் படையும் ஏற்பட்டது. ஏறக்குறைய 7,000 பெண்கள் அதில் சேவை செய்தார்கள்.

இந்தத் தொண்டர்களுக்குக் கிடைத்த வாகனம் 'கார்வெட்' என்னும் சிறு கப்பல். திமிங்கில வேட்டைக் கப்பலை மாதிரியாக வைத்துக் கட்டியது. நீளம் சுமார் 200 அடி. கரையோரக் காவலுக்கென்று ஏற்பட்ட அதை நடு அட்லாண்டிக்கில் செலுத்தினார்கள். அதில் ஏறியவர்களில் பலர் அதற்கு முன் சமுத்திரத்தையே பார்த்தறியாதவர்கள். இந்தக் கப்பல்களுக்கு ஊர்ப் பெயர்களையே இட்டார்கள். 1941 செப்டம்பர் 10-ந் தேதி, 'சாம்ப்ளி', 'மூஸ் ஜா' என்ற இரண்டு கார்வெட்டுகள் ஒரு ஜெர்மன் நீர்மூழ்கியை முழுக அடித்தன. மூஸ் ஜா என்பது கோதுமைச் சீமையின் நடுவே உள்ள ஒரு ஊர். ஜெர்மன் கப்பல் தலைவர் தம் கப்பலிலிருந்து மூஸ் ஜாவின் தளத்துக்கே குதித்து வந்து சரணடைந்தார்!

ஆனால் வெற்றிக் கதையோடு நிறுத்திவிட்டால் பாதி உண்மையைச் சொன்னதாகவே ஆகும். 1942 நவம்பரில் கனடியக் கப்பல்களின் காவலில் சென்ற ஒரு வர்த்தகக் கப்பற் கூட்டத்தில் 15 கப்பல்கள் மூழ்கின. டிசம்பரில் இன்னொரு கூட்டத்தில் 14 வர்த்தகக் கப்பல்கள் போயின. தைரியத்தில் குறையில்லை. மெதுவாகச் செல்லும் கூட்டங்களே பெரும்பாலும் அவர்கள் பங்குக்கு வந்தன. புதிய ராடார் கருவிகள் அவர்களுக்குப் பிந்தியே கிடைத்தன. பயிற்சிக்கு நாள் இல்லை. அனுபவம் பெற்றவர்களைப் பிரித்துப் பிரித்துப் புதிய கப்பல்களுக்கு அனுப்பினார்கள். கடைசியில், கனடியப் படைகளை நடுக்கடலிலிருந்து சிறிது காலம் விலக்கிப் பயிற்சி அளிக்க வேண்டும் என்று பிரிட்டன் கேட்டுக்கொண்டது. 1943 தொடக்கத்தில் கனடா மனவருத்தத்துடன் சம்மதித்தது.

வீடு பற்றி எரியும்போது கிணறு வெட்டுவது என்பார்களே, அதுதான் இது. 1922-ல் மிச்சம் பிடித்த டாலர்களுக்கு 1942-ல் நடுக்கடலில் வட்டியும் முதலும் கட்ட நேர்ந்தது. கட்டியவர்கள் மிச்சம் பிடித்தவர்கள் அல்ல. இருபது வயதுப் பையன்கள். யுத்த முடிவுக்குள் கனடா இழந்த போர்க்கப்பல்கள் 24. மாண்ட கடற்படையினர் ஏறக்குறைய 2,000 பேர்.

இருந்தாலும் ஒன்றை மறக்கக்கூடாது. ஹோஸ் ஊன்றிய அந்தச் சிறு விதையும் இல்லாதிருந்தால், வெட்டுவதற்குக் கிணற்றுக்கு இடம்கூட இருந்திராது. பயிற்சி பெற்றுத் திரும்பிய கனடியர்கள் தங்கள் குறையை நிவர்த்தி செய்துகொண்டார்கள். 1943 ஏப்ரல் கடைசியில் வடமேற்கு அட்லாண்டிக் பிரதேசத்தின் தலைமையே ஹாலிபாக்ஸில் இருந்த கனடியத் தளபதி மர்ரேயிடம் ஒப்படைக்கப்பட்டது.

மலைகளுக்கு நடுவே நெல்ஸன் என்ற சிற்றூரில் வளர்ந்தவர் ராபர்ட் ஹாம்ப்டன் கிரே. 1940-ல் தொண்டர் படையில் சேர்ந்து விமானியானார். 1945 ஆகஸ்டு 9-ந் தேதி ஜப்பானில் ஓனகாவா விரிகுடாவில், தம் விமானம் தீப்பற்றி எரிய எரிய ஒரு போர்க்கப்பலைத் தாக்கி மூழ்கடித்து உயிர் துறந்தார். ஆறு நாளில் சண்டை நின்றது. அவருக்கு விக்டோரியா சிலுவை வழங்கப்பட்டது. 1989-ல் அந்த ஓனகாவாவிலேயே அவருக்கு நினைவுச் சின்னம் எழும்பிற்று. எதிரியாக வந்தவனையும் வீரனென்று மதித்த அந்த ஊராரின் பெருந்தன்மையை என்னவென்று சொல்வது!

யுத்தத்துக்குப் பிறகும் தொண்டர் சேமப் படை கலையவில்லை. 1990-களில் கட்டிய 12 கரையோரக் காவற் கப்பல்களை முக்கியமாக இவர்களை நம்பியே கடலில் விட்டார்கள். 2023-ல் படைக்கு நூறு வயது நிறைந்தது.

ஒரு தேசம் தன் பிரஜைகளிடம் வாரத்தில் ஒரு மாலையைக் கேட்பது பெரிய காரியம் அல்ல. கேட்டதும் கொடுக்க ஆட்களும் எந்த நாட்டிலும் உண்டு. ஆனால் மனமுவந்து வந்து நிற்பவனுக்கு நல்ல கருவியும் போதிய பயிற்சியும் சமாதான காலத்திலேயே கொடுத்து வைப்பது சர்க்காரின் கடன். தொண்டன் சம்பளம் கேட்காமல் இருக்கலாம். அதற்காக அவன் உயிரும் மலிவு என்று நினைத்துவிடக் கூடாது.