வேலை திரும்பக் கிடைச்சாச்சு... விடுபட்ட சம்பளம் வருமா? அரசு ஊழியர்களின் நிலுவை ஊதியம்: முழு விளக்கம்

நாமக்கல் பக்கம் ஓர் ஊராட்சி ஒன்றிய அலுவலகத்தில் ஒரு இளநிலை உதவியாளர் என்று வைத்துக்கொள்வோம். மாதச் சம்பளம் 40,000 ரூபாய். ஒரு புகார், 17(பி) குறிப்பாணை, விசாரணை, கடைசியில் டிஸ்மிஸ். அஞ்சு வருஷம் கழித்து, அந்த உத்தரவு செல்லாது என்கிறது நீதிமன்றம். மறுபடியும் அதே நாற்காலி.

ஊதிய உயர்வை விட்டுவிட்டுப் பார்த்தாலும், 60 மாதங்களுக்கு 24 லட்சம் ரூபாய். இது முழுசா வருமா, பாதி வருமா, வராமலே போகுமா? டிஸ்மிஸ் உத்தரவு 'ஏன்' ரத்தானது என்பதில்தான் பெரும்பாலும் பதில் இருக்கிறது.

விதி என்ன சொல்கிறது?

அரசு ஊழியர்களுக்கான அடிப்படை விதிகளில் மூன்று முக்கியம். மேல்முறையீட்டில் துறையே வேலையைத் திருப்பிக் கொடுத்தால் விதி 54. நீதிமன்றம் ரத்து செய்தால் 54-ஏ. சஸ்பெண்ட் மட்டும் என்றால் 54-பி.

குற்றமே செய்யவில்லை என்று நிரூபணமாகி வந்தால் முழுச் சம்பளம், படிகள் உண்டு. ஆனால் 'விளக்கம் கேட்காமல் தண்டித்துவிட்டார்கள்' என்பது போல, அரசமைப்புச் சட்டப் பிரிவு 311-ன் நடைமுறைக் குறைபாட்டுக்காக மட்டும் உத்தரவு ரத்தானால் கதை வேறு. எவ்வளவு தருவது என்பதை அதிகாரி முடிவு செய்வார். அதற்கு முன் ஊழியருக்கு நோட்டீஸ் கொடுத்து, பதிலைக் கேட்டாக வேண்டும். பதிலுக்கு அதிகபட்சம் 60 நாள். அந்த நோட்டீஸைச் சாதாரணக் கடிதம் என்று ஓரமா வைத்தால், நஷ்டம் லட்சங்களில்.

'வேலையே செய்யலையே, சம்பளம் எதுக்கு?'

அலுவலகங்களில் அடிக்கடி கேட்கும் கேள்வி இது. 1991-ல் ஜானகிராமன் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்குப் பதில் சொன்னது: வேலை செய்யத் தயாராக இருந்தவரை அரசே தள்ளி வைத்துவிட்டு, 'வேலை இல்லையேல் ஊதியம் இல்லை' என்று பொதுவாகச் சொல்லிவிட முடியாது.

ஒரு விதிவிலக்கு உண்டு. துறைக்குச் சம்பந்தமில்லாத கிரிமினல் வழக்கில் தண்டனை பெற்று வேலை போய், பிறகு மேல்முறையீட்டில் விடுதலையானவர் கதை. 2003-ல் ஜெய்பால் சிங் வழக்கில், வேலை திரும்பக் கிடைக்கும், இடைப்பட்ட காலச் சம்பளம் கிடையாது என்றது உச்ச நீதிமன்றம்.

இடையில் லாரி புக்கிங் ஆபீசில் வேலை பார்த்திருந்தால்?

கோழிப்பண்ணையிலோ, லாரி புக்கிங் ஆபீசிலோ கணக்கு எழுதிச் சம்பாதித்திருந்தால், அந்தத் தொகை நிலுவையில் கழிக்கப்படும். 2013-ல் தீபாலி குண்டு சுர்வசே வழக்கில், சட்டவிரோதமாக நீக்கப்பட்டவருக்கு நிலுவை ஊதியத்துடன் வேலை என்பதே பொதுவான விதி என்றது உச்ச நீதிமன்றம். ஆனால் 'எனக்கு வேறு வருமானம் இல்லை' என்று ஊழியர் முதலில் சொல்ல வேண்டும். சொல்லிவிட்டால், இருந்தது என்று நிரூபிப்பது நிர்வாகத்தின் பாடு.

தமிழ்நாடு பார்த்த இரண்டு சம்பவங்கள்

2003 ஜூலை வேலைநிறுத்தத்தில் சுமார் 1.7 லட்சம் அரசு ஊழியர்களும் ஆசிரியர்களும் டிஸ்மிஸ் செய்யப்பட்டார்கள். பெரும்பாலானோர் சில வாரங்களில் திரும்பினார்கள். ஆனால் அது 'நீங்கள் செய்தது சரி' என்ற தீர்ப்பால் அல்ல. மன்னிப்புக் கடிதமும் உறுதிமொழியும் கொடுத்துத்தான். வேலைநிறுத்தம் செய்ய அரசு ஊழியருக்கு அடிப்படை உரிமை இல்லை என்று அந்த ஆகஸ்ட் 6-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது.

அடுத்தது மக்கள் நலப் பணியாளர்கள். 2011 நவம்பரில் சுமார் 13,500 பேர் நீக்கப்பட்டார்கள். 2022-ல் ஊரக வேலை உறுதித் திட்டப் பணி ஒருங்கிணைப்பாளர்களாக, மாதம் 7,500 ரூபாய் மதிப்பூதியத்தில் வேலை தர அரசு முன்வந்தது. 2023 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றது. இடைப்பட்ட பத்து வருஷத்துக்கும் முழுச் சம்பளம் என்ற உத்தரவு வரவில்லை. காரணம் எளிது: நிரந்தரப் பணியிடத்தில் இருப்பவருக்கு விதி 54 கைகொடுக்கும், மதிப்பூதியத்தில் இருப்பவருக்கு அந்தப் பிடிமானம் இல்லை.

கவனிக்க வேண்டியவை

* மனுவில் 'வேலை வேண்டும்' என்பதோடு நிறுத்தாமல், நிலுவை ஊதியம், பணித் தொடர்ச்சி இரண்டையும் தனித்தனியாகக் கேட்க வேண்டும். ஓய்வூதியக் கணக்குக்குப் பணித் தொடர்ச்சி அவசியம்.

* சேலம், நாமக்கல்காரர்கள் போக வேண்டியது சென்னை உயர் நீதிமன்றத்துக்கு. காவிரிக்கு அக்கரையில் இருக்கும் கரூர்தான் மதுரைக் கிளையின் எல்லைக்குள் வருகிறது.

* வேலை இல்லாத கால வங்கிக் கணக்கு விவரங்களைப் பத்திரமா வைத்திருப்பது நல்லது. 'வேறு வருமானம் இல்லை' என்பதற்கு அதுவே துணை.

* நிலுவை மொத்தமா ஒரே வருஷத்தில் வந்தால் வரி எகிறும். எந்தெந்த ஆண்டுக்கான சம்பளமோ அந்தந்த ஆண்டுக்குப் பிரித்துக் கணக்கிட்டு நிவாரணம் பெற வருமான வரிச் சட்டத்தில் வழி இருக்கிறது. அதற்குரிய படிவத்தை ஆன்லைனில் தாக்கல் செய்ய வேண்டும்.

தீர்ப்பு வந்ததும் எல்லோரும் முதலில் தேடுவது 'மீண்டும் பணி' என்ற வார்த்தையைத்தான். அதற்கு அடுத்த வரியையும் படிக்க வேண்டும். அந்த இளநிலை உதவியாளரின் 24 லட்சம் இருக்கிறதா இல்லையா என்பது அங்கேதான் தெரியும்.