58-இல் ஓய்வூதியம், 70-இல் அரசுக் காப்பீடு: இடைப்பட்ட 12 ஆண்டுகளுக்குப் பிரீமியம் கட்டுவது எப்படி?

பெங்களூரு: தனிநபர் மருத்துவக் காப்பீட்டின் மீதான 18 விழுக்காடு ஜிஎஸ்டி 2025 செப்டம்பர் 22 முதல் நீக்கப்பட்டது. பணி ஓய்வை நெருங்குவோருக்கு இது ஆறுதல் அளிக்கும் முடிவுதான். ஆனால், ஓய்வு பெறும்போது நிறுவனத்தின் குழுக் காப்பீடும் பெரும்பாலும் முடிந்துவிடுவதால் எழும் சிக்கல் அப்படியே நீடிக்கிறது. மத்திய அரசு அலுவலகங்களும் தனியார் ஆலைகளும் தகவல் தொழில்நுட்ப நிறுவனங்களும் நிறைந்த பெங்களூருவில், ஒருவரது முதுமைக்கால மருத்துவப் பாதுகாப்பு அவர் யாரிடம் பணியாற்றினார் என்பதைப் பொறுத்தே அமைகிறது.

மத்திய அரசு ஓய்வூதியருக்கு வழி தெளிவானது. சிஜிஎச்எஸ் எனப்படும் மத்திய அரசு சுகாதாரத் திட்டம் செயல்படும் நகரங்களுள் பெங்களூருவும் ஒன்று. ஊதிய நிலைக்கேற்ப மாதச் சந்தா 250 ரூபாய் முதல் 1,000 ரூபாய் வரை. பத்து ஆண்டுச் சந்தாவை ஒரே தவணையில் செலுத்தினால் ஆயுட்கால அட்டை கிடைக்கும். மாதம் 650 ரூபாய் பிரிவில் இருந்தவருக்கு அத்தொகை 78,000 ரூபாய். பணிக்கொடை கைக்கு வரும்போதே இதைக் கட்டிவிடலாம். வயது கூடுவதால் சந்தா கூடுவதில்லை.

தனியார் நிறுவன ஊழியருக்கு இந்த வசதி இல்லை. ஊழியர் ஓய்வூதியத் திட்டம் 1995-இன்படி 58 வயதில் ஓய்வூதியம் தொடங்குகிறது. கணக்கீட்டுக்கான ஊதிய உச்சவரம்பு 15,000 ரூபாயாக இருப்பதால், 35 ஆண்டுப் பணிக்காலம் கணக்கிடப்பட்டாலும் மாதம் 7,500 ரூபாய்தான் கிடைக்கும். அதிக ஊதியத்தின் அடிப்படையில் ஓய்வூதியம் பெறத் தகுதி பெற்றவர்கள் விதிவிலக்கு. இந்த ஓய்வூதியத்துக்கு அகவிலைப்படி கிடையாது.

தம்பதியின் காப்பீட்டுக்கு ஆண்டுப் பிரீமியம் 45,000 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். ஆறு மாத ஓய்வூதியம் அதற்கே சரியாகிவிடும். மூத்த குடிமக்களின் பிரீமியத்தை ஆண்டுக்கு 10 விழுக்காட்டுக்கு மேல் உயர்த்துவதற்கு முன் தன்னைக் கலந்தாலோசிக்க வேண்டும் என்று காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையம் 2025 ஜனவரி 30 அன்று உத்தரவிட்டது. அந்த 10 விழுக்காடு என்பதே சிறிய அளவு அன்று. 60 வயது முதல் ஆண்டுதோறும் அவ்வளவு உயர்ந்தால், 68 வயதில் பிரீமியம் 96,000 ரூபாயைத் தாண்டும். முழு ஆண்டு ஓய்வூதியமோ 90,000 ரூபாய்தான்.

அமெரிக்காவில் அரசு ஓய்வூதியம் பெறுவோரின் மெடிகேர் பகுதி-பி பிரீமியம் அந்த ஓய்வூதியத்திலிருந்தே பிடித்தம் செய்யப்படுகிறது. இங்கு அத்தகைய இணைப்பு இல்லாததால், கட்டத் தவறும் வாய்ப்பு அதிகம். மாதத் தவணை வசதி உள்ள பாலிசிகளில் சலுகைக் காலம் 15 நாட்கள். ஆண்டுத் தவணைக்கு 30 நாட்கள். அதையும் தவறவிட்டால், முன்பே இருந்த நோய்களுக்கான காத்திருப்புக் காலத்தை மீண்டும் முதலிலிருந்து தொடங்க நேரிடலாம்.

வருமான வரம்பின்றி 70 வயது கடந்தோருக்கு 5 லட்சம் ரூபாய் வரை சிகிச்சை வழங்கும் ஆயுஷ்மான் பாரத் விரிவாக்கம் 2024 அக்டோபர் 29 அன்று தொடங்கப்பட்டது. தனியார் காப்பீடு வைத்திருப்போரும் இதில் சேரலாம். எனினும் இத்திட்டச் செலவில் கர்நாடகம் போன்ற மாநிலங்களின் பங்கு 40 விழுக்காடு என்பதால், மாநில அரசின் ஒத்துழைப்பின்றி இது முழுமையாகப் பயன் தராது. 58 வயதில் ஓய்வு பெறுபவர் அதற்கே 12 ஆண்டுகள் காத்திருக்க வேண்டும் என்பதுதான் பெரிய குறை.

குறைந்த ஊதியத்தில் இஎஸ்ஐ காப்பீட்டில் இருந்தவர்களுக்கு அதிகம் பேசப்படாத ஒரு வழி உண்டு. குறைந்தது ஐந்து ஆண்டுகள் காப்பீட்டில் இருந்து ஓய்வு பெற்றவர், ஆண்டுக்கு 120 ரூபாய் செலுத்தித் தமக்கும் தம் இணையருக்கும் மருத்துவப் பலனைத் தொடரலாம். ராஜாஜிநகரிலும் பீன்யாவிலும் இஎஸ்ஐ மருத்துவமனைகள் உள்ளன.

மற்றவர்கள் பணியில் இருக்கும்போதே செய்ய வேண்டியது, குழுக் காப்பீட்டிலிருந்து அதே நிறுவனத்தின் தனிநபர் பாலிசிக்கு மாற விண்ணப்பிப்பதாகும். ஏற்கெனவே கழித்த காத்திருப்புக் காலம் அப்போது கணக்கில் சேரும். ஆனால் காப்பீட்டு நிறுவனம் உடல்நிலையை ஆராய்ந்தே முடிவெடுக்கும் என்பதால், ஓய்வு மாதம் வரை காத்திருப்போருக்குக் கால அவகாசம் போதாமல் போகலாம்.