கண்ணால் கண்ட சாட்சி போதுமா?



நீங்கள் கடை வைத்திருக்கிறீர்கள். மூன்று மாதங்களுக்கு முன்பு ஒரு செவ்வாய்க்கிழமை மாலை உங்கள் கடைக்கு ஒருவர் வந்தார். பொருளை வாங்கினார், பணத்தைக் கொடுத்தார், மீதிச் சில்லறையை எண்ணிப் பார்த்துவிட்டுப் போனார். சண்டை இல்லை, சச்சரவு இல்லை, கடனும் சொல்லவில்லை. அவருடைய முகம் இப்போது உங்கள் நினைவில் இருக்கிறதா? பத்துப் பேரை வரிசையாக நிறுத்தி, "அன்று வந்தவர் யார்?" என்று கேட்டால், அல்லாஹ்வின் மீது ஆணையிட்டு ஒருவரை நோக்கிக் கை நீட்ட உங்களால் முடியுமா?

"முடியாது" என்றுதான் நேர்மையானவர்கள் சொல்வார்கள். ஆனால் அப்படி நீட்டப்பட்ட கைகளை நம்பித்தான் இந்த நாட்டில் தூக்குத் தண்டனை விதிக்கப்பட்டிருக்கிறது.

மும்பையில் நடந்தது என்ன?

2006 ஜூலை 11, செவ்வாய்க்கிழமை மாலை. மும்பை புறநகர் ரயில்களில் அடுத்தடுத்து ஏழு குண்டுகள் வெடித்தன. வேலை முடிந்து வீடு திரும்பிக் கொண்டிருந்த 180க்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர். நூற்றுக்கணக்கானோர் படுகாயமடைந்தனர். இந்தக் கொடுமையைச் செய்தவர்கள் யாராக இருந்தாலும் தண்டிக்கப்பட வேண்டும் என்பதில் நமக்கு இரண்டு கருத்து இல்லை.

முஸ்லிம் இளைஞர்கள் பிடிக்கப்பட்டனர். 2015இல் சிறப்பு நீதிமன்றம் 12 பேரைக் குற்றவாளிகள் என்றது. 5 பேருக்குத் தூக்கு, 7 பேருக்கு ஆயுள். வழக்கின் முக்கியத் தூண்களில் ஒன்று, கண்ணால் கண்டதாகச் சொன்னவர்களின் சாட்சியம். குற்றம் சாட்டப்பட்டவர்களைச் சர்ச்கேட் ரயில் நிலையத்துக்கு ஏற்றிச் சென்றதாகச் சொன்ன டாக்சி ஓட்டுநர்கள் அவர்களில் அடக்கம்.

2025 ஜூலை 21 அன்று மும்பை உயர் நீதிமன்றம் அந்தத் தூணைத் தட்டிப் பார்த்தது. சம்பவம் நடந்து நூறு நாட்களுக்கு மேல் அந்த ஓட்டுநர்கள் வாய் திறக்கவில்லை. தினமும் எத்தனையோ பயணிகளை ஏற்றி இறக்குகிறவருக்கு, முன்பின் தெரியாத ஒரு பயணியின் முகம் அத்தனை நாள் நினைவில் நிற்கக் காரணம் என்ன என்று நீதிமன்றம் கேட்டது. அடையாள அணிவகுப்பை நடத்திய அதிகாரிக்கு அதை நடத்தும் அதிகாரமே இல்லை என்றும் கண்டது. வாக்குமூலங்களும் நம்பத்தக்கவையாக இல்லை. 12 பேர் மீதான தீர்ப்பும் ரத்தானது.

மாநில அரசு உடனே உச்ச நீதிமன்றம் சென்றது. அந்தத் தீர்ப்பை மற்ற வழக்குகளுக்கு முன்னுதாரணமாகக் கொள்ளக் கூடாது என்று ஜூலை 24 அன்று உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. ஆனால் வெளியே வந்தவர்களைத் திரும்பச் சிறைக்கு அனுப்பவில்லை. 19 ஆண்டுகள்! இளைஞர்களாக உள்ளே போனவர்கள் நரைத்த தாடியுடன் வெளியே வந்தார்கள். தூக்குத் தண்டனை பெற்ற ஒருவர் 2021இல் சிறையிலேயே இறந்துவிட்டார். விடுதலைச் செய்தியைக் கேட்க அவர் இல்லை.

பொய்யா, மறதியா?

அந்தச் சாட்சிகள் தாமாகச் சொன்னார்களா, சொல்லிக் கொடுத்ததைச் சொன்னார்களா என்ற விவாதத்துக்குள் நாம் போகவில்லை. நாம் கவனிக்க வேண்டிய விஷயம் வேறு. சாட்சி என்றால் ஒன்று உண்மை சொல்வான், இல்லையேல் பொய் சொல்வான் என்று நினைத்துப் பழகிவிட்டோம். மூன்றாவது வகை ஒன்று இருக்கிறது. அவர் பொய் சொல்லவில்லை, மனதார நம்பித்தான் சொல்கிறார். ஆனாலும் அவர் சொல்வது தவறு. அப்பாவியைச் சிறைக்கு அனுப்புவதில் இந்த வகைதான் மிக ஆபத்தானது. ஏனென்றால், பொய்யனைக் குறுக்கு விசாரணையில் மடக்கலாம். தவறாக நம்புகிறவரை எப்படி மடக்குவது?

அமெரிக்காவின் வட கரோலினா மாநிலத்தில் 1984இல் ஜெனிஃபர் தாம்சன் என்ற கல்லூரி மாணவி பாலியல் வன்கொடுமைக்கு ஆளானார். 'உயிர் பிழைத்தால் இவனை அடையாளம் காட்ட வேண்டும்' என்று அந்த நேரத்திலும் குற்றவாளியின் முகத்தை ஊன்றிக் கவனித்தார். போலீசார் சில புகைப்படங்களைக் காட்டினார்கள். ரொனால்ட் காட்டன் என்ற கறுப்பின இளைஞரின் படத்தைத் தேர்ந்தெடுத்தார். பிறகு ஆட்களை நேரில் நிறுத்தினார்கள். இரண்டு முறையும் இருந்தவர் காட்டன் ஒருவர்தான். மறுபடியும் அவரையே காட்டினார். 'படத்தில் நீங்கள் காட்டியதும் இவரைத்தான்' என்று போலீசார் சொல்ல, அவருடைய சந்தேகம் முழுதும் உறுதியாக மாறிவிட்டது. காட்டனுக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது.

1987இல் மறுவிசாரணை. உண்மையான குற்றவாளியையே நீதிமன்றத்தில் கொண்டுவந்து நிறுத்தினார்கள். "இந்த ஆளை நான் பார்த்ததே இல்லை" என்றார் அந்தப் பெண்! அவர் பொய் சொல்லவில்லை. அவருடைய நினைவில் உண்மையான முகம் அழிந்து, காட்டனின் முகம் அங்கே குடியேறிவிட்டது. 1995இல் மரபணுச் சோதனை உண்மையைக் காட்டியது. பத்தாண்டுகளுக்கு மேல் சிறையில் இருந்த காட்டன் விடுதலையானார். பிற்பாடு அவரிடம் மன்னிப்புக் கேட்ட அந்தப் பெண், அவரோடு சேர்ந்தே இந்த ஆபத்தைப் பற்றி ஊர் ஊராகப் பேசினார்.

இது எங்கோ அபூர்வமாக நடந்த சம்பவமல்ல. அமெரிக்காவில் மரபணுச் சோதனையால் நிரபராதி என்று நிரூபிக்கப்பட்டவர்களின் வழக்குகளில் மூன்றில் இரண்டு பங்குக்கு மேல் தவறான அடையாளம் காட்டுதல் இருந்தது.

கேள்வியே விஷமாகும்

நினைவு என்பது பூட்டி வைத்த புகைப்படமல்ல. ஒவ்வொரு முறை எடுக்கும்போதும் அதில் புதிதாக ஏதாவது ஒட்டிக்கொள்கிறது. எலிசபெத் லாஃப்டஸ் என்ற உளவியல் அறிஞர் 1974இல் வெளியிட்ட ஆய்வைப் பாருங்கள். கார் விபத்துப் படம் ஒன்றை மாணவர்களுக்குப் போட்டுக் காட்டினார்கள். 50 பேரிடம், 'கார்கள் மோதியபோது என்ன வேகம்?' என்று கேட்டார்கள். வேறு 50 பேரிடம், 'கார்கள் மோதி நொறுங்கியபோது என்ன வேகம்?' என்று கேட்டார்கள். ஒரு வாரம் கழித்து, 'உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா?' என்று விசாரித்தார்கள். முதல் பிரிவில் 7 பேர் பார்த்ததாகச் சொன்னார்கள். இரண்டாவது பிரிவில் 16 பேர். அந்தப் படத்தில் உடைந்த கண்ணாடி எங்குமே இல்லை!

எந்த அடியும் இல்லை, மிரட்டலும் இல்லை. ஒரே ஒரு வார்த்தைதான் மாறியது. அப்படியானால் "தாடி வைத்தவன்தானே? கையில் கறுப்புப் பைதானே?" என்று கேட்கிற அதிகாரியின் முன்னால் உட்கார்ந்திருக்கும் சாமானியனின் நினைவு என்ன ஆகும்?

இதற்கு மருந்தும் உண்டு. சாட்சியை இடைமறிக்காமல் தன் வாயால் முழுவதையும் சொல்லவிட வேண்டும். 'என்ன பார்த்தீர்கள்?' என்று திறந்த கேள்வி கேட்க வேண்டும். பதிலை உள்ளே வைத்த கேள்வி கூடாது. சந்தேக நபர் யார் என்று தெரியாத அதிகாரி அணிவகுப்பை நடத்த வேண்டும். 'அவன் இந்த வரிசையில் இல்லாமலும் இருக்கலாம்' என்று சாட்சியிடம் முன்பே சொல்ல வேண்டும். எல்லாவற்றையும் ஒலி, ஒளிப் பதிவு செய்ய வேண்டும். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 180ஆவது பிரிவு, போலீஸ் விசாரணையில் சாட்சி சொல்வதைப் பதிவு செய்ய இடம் தருகிறது. ஆனால் அது 'செய்யலாம்' என்ற அளவில்தான் நிற்கிறது. பெரிய வழக்குகளிலாவது 'செய்தே ஆக வேண்டும்' என்று ஆக்க நாம் குரல் கொடுக்க வேண்டும்.

மார்க்கம் சொல்வது என்ன?

இதெல்லாம் நமக்குப் புதிதா? திருக்குர்ஆனின் மிக நீண்ட வசனம் (2:282) எதைப் பற்றியது? வியாபாரிகளே, அது உங்கள் கொடுக்கல் வாங்கலைப் பற்றியது. கடனை எழுதிக் கொள்ளச் சொல்கிறது, சாட்சிகளையும் வைக்கச் சொல்கிறது. எழுதுவதுதான் சாட்சியத்தை உறுதியாக்கும், சந்தேகத்தை நீக்கும் என்று காரணமும் தருகிறது. மனிதன் மறப்பான் என்பதைப் படைத்தவன் அறிவான்.

யூசுஃப் நபி (அலை) மீது பழி சுமத்தப்பட்டபோது தீர்வு எப்படி வந்தது? சட்டை முன்பக்கம் கிழிந்திருக்கிறதா, பின்பக்கம் கிழிந்திருக்கிறதா என்று பார்க்கச் சொன்னார் ஒருவர். பின்பக்கம் கிழிந்திருந்தது, நபியின் தூய்மை வெளிப்பட்டது. வாய்ப்பேச்சை விட்டுத் தடயத்தைப் பார் என்பதற்கு இதைவிடப் பாடம் வேண்டுமா?

நாம் என்ன செய்கிறோம்?

சகோதரர்களே, ஒரு கசப்பான உண்மையையும் சொல்ல வேண்டும். கூண்டில் நம் பிள்ளை நிற்கும்போது சாட்சியத்தைத் துருவித் துருவிக் கேட்கிறோம். எதிர்த்தரப்பு நிற்கும்போது? தெருவில் ஒரு தகராறு நடந்தால், வாசலில் நின்றவர்கள் எல்லாரும் மாலைக்குள் ஒரே கதையைச் சொல்கிறார்கள். பார்க்காதவரும் பார்த்தேன் என்கிறார். டீக்கடையில் கேட்டதும் செல்போனில் வந்த வீடியோவும் கண்ணால் கண்டதாக மாறிவிடுகின்றன. ஒரு கூட்டத்தார் மீதுள்ள வெறுப்பு உங்களை நீதியிலிருந்து தவற வைக்க வேண்டாம் என்ற இறைக்கட்டளை (5:8) யாருக்கு வந்தது? நமக்குத்தானே!

எனவே ஒரு சம்பவத்தை நீங்கள் பார்க்க நேர்ந்தால், யாரிடமும் பேசுவதற்கு முன் உட்கார்ந்து எழுதி வையுங்கள். தேதி, நேரம், நின்ற இடம், வெளிச்சம், தூரம் எல்லாவற்றையும் குறியுங்கள். பார்த்ததைத் தனியாகவும் கேட்டதைத் தனியாகவும் எழுதுங்கள். கடையில் கேமரா இருந்தால் பதிவு அழியும் முன் எடுத்து வையுங்கள். போலீசார் விசாரித்தால் பார்த்ததை மட்டும் சொல்லுங்கள். போலீசார் எழுதும் சாட்சி வாக்குமூலத்தில் நீங்கள் கையெழுத்திட வேண்டியதில்லை என்பது சட்டம். 'தெரியாது, நினைவில்லை' என்று சொல்வது கோழைத்தனமல்ல, அது அமானிதத்தைக் காப்பது.

"கண்ணால் காண்பதும் பொய், காதால் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய்" என்று நம் பெரியவர்கள் சொல்லி வைத்தார்கள். தீர விசாரிக்காததால் 12 குடும்பங்கள் 19 ஆண்டுகளை இழந்தன. ரயிலில் உறவுகளைப் பறிகொடுத்த குடும்பங்களோ இன்னும் நீதிக்குக் காத்திருக்கின்றன. அப்பாவியைப் பிடித்தால் குற்றவாளி தப்புகிறான் என்பதை அந்த இரு தரப்பாரும் அறிவார்கள்.

நம் நாவிலிருந்து வரும் ஒரு சொல் எந்த மனிதனின் வாழ்நாளையும் அநியாயமாகப் பறித்துவிடாமல் வல்ல அல்லாஹ் நம்மைக் காப்பானாக!