குட்டி போட்ட பூனையும் நமது அலட்சியமும்

நிலைகொள்ளாமல் அலைபவரைக் 'குட்டி போட்ட பூனை போல' என்கிறோம். மாணவர்களுக்கும் அவ்வாறே கற்பிக்கிறோம். ஆனால், நம் வீட்டுப் பூனையே குட்டி போட்டு அப்படி அலையும்போது, ஏன் என்று நம்மில் எத்தனை பேர் சிந்திக்கிறோம்?

எல்லா அலைச்சலும் தாய்ப்பாசம் அன்று. பாலூட்டும் பூனையின் குருதியில் சுண்ணாம்புச் சத்து திடீரெனக் குறைந்தால் எக்லாம்சியா என்னும் கொடிய நோய் உண்டாகும். கருவுற்ற பெண்களுக்கு இரத்த அழுத்தத்தால் வரும் நோய்க்கும் இதே பெயர் உண்டு. எனினும் இரண்டும் வேறு வேறு. பூனைக்கு இது பெரும்பாலும் ஈன்ற முதல் நான்கு வாரங்களில் வரும். சில வேளை சினைக்காலத்தின் இறுதியிலேயே வருவதும் உண்டு. அமைதியின்மை, மூச்சிரைப்பு, விறைத்த நடை, தசை நடுக்கம், குட்டிகளைப் புறக்கணித்தல் ஆகியவை அறிகுறிகள். அடுத்து வலிப்பு, அதன்பின் மரணம்.

இதற்கு நம்மவர் கூறும் சமாதானங்கள் மூன்று.

முதலாவது, "விலங்குதானே, தானாகவே தெளிந்துவிடும்." எப்படித் தெளியும்? குட்டிகள் பால் குடிக்கக் குடிக்கத் தாயின் சத்து வெளியேறிக்கொண்டே இருக்கிறது. நாம் போடும் சோற்றிலும் மீன் சதையிலும் அதை ஈடுசெய்யும் அளவுக்குச் சுண்ணாம்புச் சத்து இல்லை.

இரண்டாவது, "சினையாக இருந்தபோதே கால்சியம் மாத்திரை கொடுத்தோமே!" அதுவே தீங்காகலாம். வெளியிலிருந்து மிகுதியாகக் கிடைக்கும்போது, எலும்பிலிருந்து சத்தை எடுத்துத் தரும் இயக்குநீரின் சுரப்பு மந்தமாகிவிடும். பால் சுரக்கும் நாளில் அவசரத் தேவைக்கு உடல் ஈடுகொடுக்காது. மருத்துவர் சொல்லாமல் மாத்திரை கொடுக்காதீர்கள். சினைக்காலத்தின் பிற்பகுதியிலும் பாலூட்டும் காலத்திலும் குட்டிகளுக்கென்றே தயாரிக்கப்படும் சரிவிகிதப் பூனை உணவைத் தாய்க்குக் கொடுங்கள், அதுவே முறை.

மூன்றாவது, "வாயில் கொஞ்சம் பால் ஊற்றினால் சரியாகிவிடும்." நடுங்கும் பூனையின் வாயில் ஊற்றும் பால் நுரையீரலுக்குள் போகும். காப்பாற்றப் போய்க் கொன்றதாகவே முடியும்.

செய்யவேண்டியது ஒன்றே. குட்டிகளை உடனே பிரித்து, தாயைக் கால்நடை மருத்துவரிடம் கொண்டுசெல்லுங்கள். நள்ளிரவானாலும் விடியட்டும் என்று காத்திருக்காதீர்கள். மருத்துவர் இதயத் துடிப்பைக் கவனித்தவாறே கால்சியம் குளுக்கோனேட்டை நரம்பு வழியாக மிக மெதுவாகச் செலுத்துவார். விரைந்து செலுத்தினால் இதயமே நின்றுவிடக்கூடும். ஆகவே இது வீட்டு வைத்தியத்துக்கு உரியதன்று. உரிய நேரத்தில் சிகிச்சை கிடைத்தால் பெரும்பாலான பூனைகள் விரைவில் தேறிவிடும். தாய் தேறும்வரை குட்டிகளுக்குப் பசும்பால் வேண்டா. பூனைக்குட்டிகளுக்கென விற்கும் பால்மாவைக் கரைத்து ஊட்டுங்கள்.

மலேசியாவின் 2015ஆம் ஆண்டு விலங்கு நலச் சட்டம், வளர்ப்பவரே தம் விலங்கை வலியிலிருந்தும் நோயிலிருந்தும் காக்கவேண்டும் என்கிறது. சட்டத்தை விடுங்கள். நன்னெறிக் கல்விப் பாடத்தில் பரிவைப் பற்றிக் கட்டுரை எழுதச் சொல்கிறோம். வீட்டில் துடிக்கும் தாய்ப்பூனையைக் காட்டி "விடு, பூனைதானே" என்கிறோம். பிள்ளைகள் இவ்விரண்டில் எதைக் கற்றுக்கொள்வார்கள்?

பெற்றோர்களே, பூனை வளர்க்கும் வீடாயின், இரவிலும் திறந்திருக்கும் கால்நடை மருத்துவமனையின் தொலைபேசி எண்ணை இன்றே எழுதி வையுங்கள். அதைப் பிள்ளையின் கையாலேயே எழுதச் செய்யுங்கள்.