பட்டியல் எங்கே?

உள்ளாட்சி ஊழியர்களின் பதவி உயர்வுத் தகராறுகள் கோர்ட்டுப் படி ஏறுவது ஓய்ந்தபாடில்லை. மாநகராட்சி, நகராட்சி, பேரூராட்சி, பஞ்சாயத்து யூனியன் எதுவானாலும் புலம்பல் ஒன்றுதான். "எனக்குப் பின்னாடி வந்தவர் மேலே போயிட்டார். நான் மட்டும் அதே நாற்காலியில்!"

ஆபீசுக்குள் நடக்கும் சண்டைதானே என்று பொதுமக்கள் சும்மா இருந்துவிட முடியாது. பதவி உயர்வுக்கு 'ஸ்டே' விழுந்தால், காலி நாற்காலிக்கு 'பொறுப்பு' அதிகாரி வருவார். ஒரே ஆளுக்கு இரண்டு மேஜை! வீட்டு வரி பெயர் மாற்றம், குடிநீர் இணைப்பு, கட்டட பிளான், கடை லைசென்ஸ் எல்லாம் "நாளைக்கு வாங்க" கதைதான். அலைவது யார்? வரி கட்டும் ஜனங்கள்!

வழக்கு ஏன்?

பதவி உயர்வு கொடுத்தே தீரவேண்டும் என்று யாரும் உரிமை கொண்டாட முடியாது. ஆனால் தகுதியும் முறையும் உள்ளவரின் பெயரைப் பரிசீலிக்காமல் தள்ளிவிடவும் முடியாது. அரசியல் சட்டத்தின் 16-வது பிரிவு தரும் அடிப்படை உரிமை அது என்று 1999-ல் அஜித் சிங் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு திட்டவட்டமாகச் சொல்லிவிட்டது.

பரிசீலிக்க வேண்டுமானால் சீனியாரிட்டி பட்டியல் வேண்டும். கோளாறு ஆரம்பமாவதே அங்கேதான்!

பட்டியல் தயாராகவில்லையா? கவலையில்லை, 'தற்காலிகப் பதவி உயர்வு' இருக்கிறதே! ஒருவர் மேலே உட்காருவார். தற்காலிகம் மாதக்கணக்கு, வருஷக்கணக்கு என்று நீளும். பிறகு அசல் பட்டியல் வரும்போது, "இத்தனை வருஷம் பார்த்தேனே, அந்த சர்வீஸ் எங்கே?" என்பார் அவர். "அது வெறும் இடைக்கால ஏற்பாடு" என்பார் கீழே நிற்பவர். விதிப்படி இல்லாத இடைக்கால நியமனத்தை சீனியாரிட்டிக்குக் கணக்கில் எடுக்க முடியாது என்று 1990-லேயே சுப்ரீம் கோர்ட்டின் அரசியல் சட்ட பெஞ்ச் கூறியது. அதற்குப் பிறகும் அதே சண்டைதான்!

ஊர்கள் ஒன்றாகும்போது சிக்கல் இன்னும் பெரிது. தாம்பரம் 2021-ல் மாநகராட்சி ஆனது. 5 நகராட்சிகளும் 5 பேரூராட்சிகளும் ஒன்றாகச் சேர்ந்தன. பத்து ஆபீஸ் ஊழியர்கள் ஒரே கூரையின் கீழ்! பேரூராட்சியில் 15 வருஷம் வேலை பார்த்த ஒருவரும், நகராட்சியில் 10 வருஷம் பார்த்த ஒருவரும் ஒரே வரிசையில் நின்றால் யார் முன்னால்? இதை முதலிலேயே எழுதி வைக்காவிட்டால், பின்னால் கோர்ட்டுதான் எழுத வேண்டியிருக்கும்.

கொட்டு வாங்கிய சட்டம்

அரசு ஊழியர் விஷயத்தில் தமிழ்நாடு ஏற்கெனவே பாடம் படித்திருக்கிறது. இனச்சுழற்சி என்பது வேலைக்கு ஆள் எடுப்பதற்கு. சீனியாரிட்டிக்கு அளவுகோல் தேர்வில் வாங்கிய இடம்தான் என்று கோர்ட்டுகள் கூறின. அதை மாற்ற 2016-ல் சட்டம் வந்தது. சுழற்சி வரிசைப்படி சீனியாரிட்டி தரும் பிரிவை 2019-ல் சென்னை ஐகோர்ட்டு ரத்து செய்தது. 2021-ல் சுப்ரீம் கோர்ட்டும் அதை உறுதி செய்தது. பழைய பட்டியல்களைக் கலைத்து மறுபடி எழுதும் வேலை வந்து சேர்ந்தது. உயர்ந்தவருக்கும் நிம்மதி இல்லை, காத்திருந்தவருக்கும் நிம்மதி இல்லை!

ஒழுங்கு நடவடிக்கை என்பது இன்னொரு முட்டுக்கட்டை. 'புகார் இருக்கிறது, விசாரணை நடக்கிறது' என்று ஒருவர் பெயரை ஓரங்கட்டலாமா? கூடாது! குற்றச்சாட்டு மெமோ கொடுத்த பிறகுதான் நடவடிக்கை தொடங்கியதாக அர்த்தம் என்று 1991-ல் ஜானகிராமன் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது.

ஊழியர்களும் உஷாராக இருக்க வேண்டும். ஜூனியரைத் தூக்கிவிட்டார்கள் என்றால் ஆறு மாதத்துக்குள், மிஞ்சினால் ஒரு வருஷத்துக்குள் கோர்ட்டுக்கு வரவேண்டும் என்று 1974-ல் சுப்ரீம் கோர்ட்டு கண்டிப்பாகக் கூறியது. அதுவும் தமிழ்நாட்டு எஞ்சினீயர் ஒருவரின் வழக்கு! 14 வருஷம் கழித்து வந்த அவர் வெறுங்கையோடு திரும்பினார்.

ஜெயித்தவர் கதையாவது இனிக்கிறதா? ரிட் போட்டு, அப்பீல் பார்த்து, தீர்ப்பு வருவதற்குள் ரிட்டயர்மென்ட் வந்துவிடுகிறது. பதவி உயர்வு காகிதத்தில் மட்டும்! பென்ஷன் கொஞ்சம் கூடலாம். உட்கார வேண்டிய நாற்காலியில் ஒருநாள்கூட உட்கார முடியாது. கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம்!

என்ன செய்யலாம்?

பெரிய கமிஷன் எதுவும் வேண்டாம். வருஷத்துக்கு ஒருமுறை, குறித்த தேதியில், சீனியாரிட்டி பட்டியலை ஆபீஸ் போர்டில் ஒட்ட வேண்டும். வேலையில் சேர்ந்த தேதி, தேர்வில் பெற்ற இடம், டிபார்ட்மென்ட் பரீட்சை பாஸான தேதி எல்லாம் அதில் இருக்க வேண்டும். ஆட்சேபம் சொல்ல ஒரு மாதம் தரவேண்டும். பதிலை எழுத்தில், காரணத்தோடு கொடுக்க வேண்டும். தற்காலிகப் பதவி உயர்வுக்கு முடிவுத் தேதி போட வேண்டும்.

செலவு? கொஞ்சம் காகிதம், கொஞ்சம் பசை! வழக்குக்கு வக்கீல் பீஸ் கட்டுவதைவிட இது மலிவு. அந்த வக்கீல் பீசும் ஜனங்கள் கட்டிய வரிப்பணம்தானே?

பட்டியல் போர்டில் ஏறட்டும். வழக்குகள் கோர்ட்டுப் படி ஏறுவது தானாகக் குறையும். அதிகாரிகள் கவனிப்பார்களா?