அடிமைகளின் குவார்ட்டர்ஸ்: நிற்பவை சொல்லாத கதை

"குவார்ட்டர்ஸ் கிடைத்துவிட்டதா?" ரயில்வேயிலும் அரசு அலுவலகங்களிலும் மாற்றலாகி வந்தவரிடம் கேட்கப்படும் முதல் கேள்வி இதுதான். கிடைத்தவர் பாக்கியசாலி. இதே சொல்லுக்கு அமெரிக்காவின் தென் மாநிலங்களில் வேறொரு பொருள் இருந்தது. பருத்தி, நெல், கரும்புத் தோட்டங்களில், விலைக்கு வாங்கப்பட்ட கறுப்பின மக்கள் குடியிருந்த குடிசை வரிசைக்கும் குவார்ட்டர்ஸ் என்றுதான் பெயர்.

1860ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி அந்நாட்டில் அடிமைகள் ஏறக்குறைய 39 லட்சத்து 50 ஆயிரம் பேர். 1865ல் அடிமை முறை சட்டப்படி ஒழிந்தது. அவர்கள் வாழ்ந்த குடிசைகளில் இன்று நிற்பவை மிகச் சிலவே. அந்தச் சிலவற்றைப் பார்ப்பவர், "பரவாயில்லையே, செங்கல் வீடல்லவா கொடுத்திருக்கிறார்கள்!" என்று எண்ணிவிடக் கூடும். இந்த எண்ணம் எத்தனை தவறானது!

தென் கரோலினாவில் சார்ல்ஸ்டன் நகருக்கு அருகே பூன் ஹால் என்ற தோட்டம் இருக்கிறது. பங்களாவுக்குப் போகும் ஓக் மரச்சாலை ஓரமாக ஒன்பது செங்கல் வீடுகள் வரிசையாக நிற்கின்றன. வீட்டு வேலைக்காரர்களுக்கும் கைத்தொழில் தெரிந்தவர்களுக்கும் தரப்பட்டவை அவை. விருந்தாளியின் வண்டி போகும் வழியில் இருப்பதால் பார்வைக்கு லட்சணமாகக் கட்டினார்கள். செங்கல் அறுத்ததும் சுட்டதும் அடிமைகளே. அந்த வட்டாரத்துப் பழைய செங்கற்கள் சிலவற்றில் அறுத்தவரின் விரல் பதிவு, சிறுவர்களுடையதும்கூட, இன்றும் தெரிகிறது. வயலில் பாடுபட்டவர்களோ மரக் குடிசைகளில் இருந்தார்கள். அவை மக்கி மண்ணாகிவிட்டன.

அந்த மரக் குடிசை எப்படி இருந்தது? 1856ல் வர்ஜீனியாவில் அடிமையாகப் பிறந்து, பின்னாளில் பெரும் கல்வியாளரான புக்கர் டி. வாஷிங்டன் எழுதி வைத்திருக்கிறார். நீளம் 16 அடி, அகலம் 14 அடி. மண் தரை. ஜன்னலுக்குக் கண்ணாடி கிடையாது. தரை நடுவே ஒரு குழி. அதில்தான் சர்க்கரைவள்ளிக் கிழங்கைப் போட்டு வைப்பார்கள். எஜமானர் வீட்டுச் சமையலும் அதே அறையில் நடந்தது. அந்தக் குடிசை இன்று இல்லை. இருப்பது பின்னால் கட்டிய மாதிரி.

பல தோட்டங்களில் ஒரே கூரையின் கீழ் இரண்டு அறை, நடுவில் ஒரே புகைபோக்கி, இருபுறமும் ஒவ்வொரு அடுப்பு என்று கட்டினார்கள். இரண்டு குடும்பத்துக்கு ஒரு புகைபோக்கி போதும் என்ற சிக்கனம்! புளோரிடாவில் கிங்ஸ்லி தோட்டத்தில் 32 வீடுகளைப் பிறை வடிவில் கட்டினார்கள். சிப்பி ஓட்டைச் சுட்டுச் சுண்ணாம்பாக்கி, மணலும் சிப்பியும் கலந்து, பலகை அச்சுக்குள் கொட்டி எழுப்பிய சுவர்கள் அவை. இருபதுக்கும் மேற்பட்டவற்றின் சுவர்கள் இன்னும் நிற்கின்றன. கல்லைப் போன்ற உறுதி.

மரக் குடிசைகளும் அடியோடு போய்விடவில்லை. லூசியானாவில் எவர்கிரீன் தோட்டத்தில் 22 குடிசைகள் இரட்டை வரிசையில் நிற்கின்றன. காரணம் கேட்டால் மனம் கனக்கும். விடுதலைக்குப் பின்னும் போக்கிடம் இல்லாமல் அதே குடிசைகளில் கூலிகளாகக் குடியிருந்தார்கள். ஆள் இருந்த வீட்டுக்குக் கூரை மாற்றினார்கள்; ஆள் இல்லாத வீடு சாய்ந்தது.

1930களில் வேலையிழந்த கட்டடக் கலைஞர்களைக் கொண்டு அமெரிக்க அரசு பழைய கட்டடங்களை அளந்து படம் எடுத்தபோது, இக்குடிசைகளில் சிலவும் பதிவாயின. தென் கரோலினாவின் எடிஸ்டோ தீவிலிருந்த ஒரு குடிசையை 2013ல் பலகை பலகையாகக் கழற்றி வாஷிங்டன் மியூசியத்துக்குக் கொண்டுபோனார்கள்; 2016 முதல் அது அங்கே இருக்கிறது. ஜோசப் மக்கில் என்பவர் 2010 முதல் இத்தகைய குடிசைகளைத் தேடிச் சென்று ஓர் இரவு படுத்துறங்கி, அவற்றின் மேல் கவனம் திருப்பி வருகிறார். பாராட்ட வேண்டிய காரியம்.

ஆனால் நிற்பதைக் காப்பது பாதி வேலையே. பங்களாவைக் காட்டிக் கட்டணம் வாங்கும் தோட்டங்களும், கல்யாணத்துக்கு வாடகைக்கு விடும் தோட்டங்களும், செங்கல் வீட்டருகே பலகை வைப்பதோடு நின்றுவிடக் கூடாது. மரக் குடிசைகள் இருந்த வெறும் நிலத்தை அளந்து, எத்தனை வீடு, எத்தனை பேர் என்று அங்கேயும் ஒரு பலகை நட வேண்டும். தோட்டக் கணக்குப் புத்தகங்கள் பலவற்றில் பெயர், வயது, விலை எல்லாம் எழுதித்தான் இருக்கிறது.