பரிமாறியவனும் பேசத் தொடங்கினான்





ஆங்கில நாவல் என்றதும் நம்மில் பலருக்குக் கல்லூரிப் பாடத்திட்டம்தான் நினைவுக்கு வரும். டிக்கன்ஸ், ஹார்டி, ஜேன் ஆஸ்டின். கொஞ்சம் விர்ஜீனியா வுல்ஃப், கொஞ்சம் ஆர்வெல். அத்தோடு நிறுத்திக்கொள்கிறோம். ரஷ்ய நாவல்களையும் லத்தீன் அமெரிக்க நாவல்களையும் தேடித் தேடிப் படித்துக் கொண்டாடிய நாம், கடந்த நாற்பது ஆண்டுகளில் பிரிட்டனில் எழுதப்பட்டதை அந்த அளவுக்குக் கவனிக்கவில்லை. நம்மை ஆண்டவர்களின் இலக்கியம்தானே, அதில் புதிதாக என்ன இருந்துவிடப் போகிறது என்ற எண்ணமும் ஒரு காரணமாக இருக்கலாம்.

அந்த எண்ணத்தைக் கைவிடுங்கள் என்று கேட்பதற்காகவே இந்த மாதம் இதை எழுதுகிறேன். இன்றைய பிரிட்டிஷ் நாவல்களில் என்னை ஆட்கொண்டவற்றில் எதையும் மாளிகைக்காரர்கள் சொல்லவில்லை. விருந்து மேசைக்குப் பின்னால் நின்று பரிமாறியவன் சொல்கிறான், விமான நிலையத்தில் நிறுத்திவைக்கப்பட்ட கிழவர் சொல்கிறார், ஒரு கொல்லன் மகனின் கண் வழியாக அரண்மனை தெரிகிறது.

பரிமாறியவனிலிருந்தே தொடங்குகிறேன். கசுவோ இஷிகுரோ 1954இல் நாகசாகியில் பிறந்தவர். ஐந்து வயதில் பெற்றோருடன் இங்கிலாந்து வந்தார். சில காலத்தில் ஊர் திரும்பிவிடலாம் என்ற நினைப்பிலேயே அந்தக் குடும்பம் ஆண்டுகளைக் கடத்தியது. கடைசியில் திரும்பவே இல்லை. முதல் இரண்டு நாவல்களில் ஜப்பானை எழுதிவிட்டு, 1989இல் வெளிவந்த 'தி ரிமெய்ன்ஸ் ஆஃப் தி டே'யில் ஆங்கிலேயரிலும் ஆங்கிலேயரான ஒரு பட்லரை எழுதினார். புக்கர் பரிசு அந்த ஆண்டே வந்தது. 2017இல் நோபல்.

கதையில் ஸ்டீவன்ஸ் என்ற அந்த பட்லர், டார்லிங்டன் பிரபுவின் மாளிகையில் தன் வாழ்நாளைக் கழித்தவர். 1923 மார்ச்சில் அங்கே ஒரு மாநாடு நடக்கிறது. முதல் உலகப் போருக்குப் பிறகு ஜெர்மனி மீது சுமத்தப்பட்ட தண்டனையைத் தளர்த்துவதற்காக ஐரோப்பாவின் பெரிய மனிதர்களைப் பிரபு வீட்டுக்கு அழைத்திருக்கிறார். மாடியில், வேலைக்காரர்களுக்கான சிறிய அறையில், ஸ்டீவன்ஸின் அப்பா சாகக் கிடக்கிறார். அவரும் பட்லராக இருந்தவர்தான். மகன் ஓரிரு முறை மேலே போய்ப் பார்த்துவிட்டு, வேலை இருக்கிறது என்று கீழே வந்துவிடுகிறார். பிரெஞ்சு விருந்தாளிக்குக் காலில் கொப்புளம். வெந்நீர் கொண்டுவரச் சொல்கிறார். ஸ்டீவன்ஸ் அதைக் கவனிக்கிறார். மது ஊற்றுகிறார். மேலே உயிர் பிரிந்துவிட்ட செய்தி வருகிறது. அதற்குப் பிறகும் ஊற்றுகிறார். மருத்துவர் வந்து அப்பாவைப் பார்த்து முடித்ததும் மகன் அவரிடம் கேட்பது, அப்படியே அந்த பிரெஞ்சுக்காரரின் காலையும் பார்க்க முடியுமா என்று.

இவ்வளவையும் ஸ்டீவன்ஸ்தான் நமக்குச் சொல்லிக்கொண்டிருக்கிறார். தனக்குத் துக்கமாக இருந்தது என்று ஒரு வரிகூடச் சொல்வதில்லை. பிரபு அவர் முகத்தைப் பார்த்து, அழுகிறாயா என்று விசாரிக்கும்போதுதான் அந்த மனிதர் அழுதுகொண்டிருக்கிறார் என்பதே நமக்குத் தெரியவருகிறது. இந்த இடத்தில் நான் புத்தகத்தை மூடிவைத்துவிட்டேன். உடனே மேற்கொண்டு படிக்க முடியவில்லை.

அப்பாவின் சாவைவிடக் கொடுமையான ஒன்றும் அந்த நாவலில் இருக்கிறது. பிரபு பிறகு நாஜிகளுக்கு வேண்டியவராகிறார். யூதர்கள் என்பதற்காகவே இரண்டு பணிப்பெண்களை வேலையை விட்டு அனுப்பச் சொல்கிறார். ஸ்டீவன்ஸ் அனுப்பிவிடுகிறார். எஜமானுக்குத் தெரியாதது எனக்கா தெரியும் என்ற விசுவாசம் ஒரு நல்ல மனிதரை எதற்கெல்லாம் உடந்தையாக்கும் என்பதை இதைவிடத் துல்லியமாக எழுதிய நாவலை நான் படித்ததில்லை. 1993இல் வந்த படத்தில் ஆண்டனி ஹாப்கின்ஸ் அற்புதமாக நடித்திருந்தார். ஆனாலும் படத்தைப் பார்த்துவிட்டு நாவலை விட்டுவிடாதீர்கள். தன்னையே ஏமாற்றிக்கொள்ளும் அந்தக் குரல் எழுத்தில்தான் இருக்கிறது.

கொல்லன் மகனை எழுதியவர் ஹிலாரி மான்டெல். எட்டாம் ஹென்றியின் அமைச்சர் தாமஸ் குராம்வெல்தான் அவருடைய நாயகன். ராபர்ட் போல்ட்டின் புகழ்பெற்ற நாடகம், அதே அரசரிடம் அமைச்சராக இருந்த தாமஸ் மோரை மகானாகவும் குராம்வெல்லை வில்லனாகவும் காட்டியிருந்தது. மான்டெல் அந்தத் தராசைத் திருப்பிப் பிடித்தார். 'வுல்ஃப் ஹால்' தொடங்கும்போது பட்னி என்ற ஊரில் ஒரு பையன் தரையில் விழுந்துகிடக்கிறான். அப்பா உதைத்துக்கொண்டிருக்கிறார். பையனின் கண்ணுக்கு நேராக அப்பாவின் பூட்ஸ். அதன் தையல் பிரிந்து, முடிச்சு ஒன்று வெளியே துருத்திக்கொண்டிருக்கிறது. அது புருவத்தைக் கிழிக்கிறது. ஐந்நூறு ஆண்டுகளுக்கு முந்தைய இங்கிலாந்து அந்த ஒரு முடிச்சில் நம் எதிரே வந்துவிடுகிறது. 2009இல் வந்த இதற்கும், 2012இல் வந்த இரண்டாம் பாகத்துக்கும் புக்கர் கிடைத்தது. அந்தப் பரிசை இரண்டு முறை பெற்ற முதல் பெண் அவர். பல ஆண்டுகள் கண்டுபிடிக்கப்படாத கருப்பைநோயோடு போராடிய உடம்பை வைத்துக்கொண்டு இத்தனை பெரிய மூன்று பாகங்களை எழுதி முடித்து, 2022இல் காலமானார். முதல் பாகத்தின் முதல் நூறு பக்கங்கள் கொஞ்சம் சிரமப்படுத்தும். பெயர்கள் குழம்பும். பொறுத்துப் படியுங்கள்.

அப்துல்ரசாக் குர்னா வேறொரு வாசல் வழியாக வந்தவர். 1964 புரட்சிக்குப் பிறகு சான்சிபார் தீவிலிருந்து, பதின்பருவம் முடியும் முன்பே அகதியாக இங்கிலாந்துக்கு வந்தவர். கென்ட் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்து ஓய்வு பெற்றார். 2021இல் நோபல் அறிவிக்கப்பட்டபோது அவர் பெயரைக் கேள்விப்படாத வாசகர்களே அதிகம். 'பை தி ஸீ' நாவலில் அறுபத்தைந்து வயது முதியவர் ஒருவர் கேட்விக் விமான நிலையத்தில் வந்து இறங்குகிறார். ஆங்கிலம் தெரியாதவர்போல இருக்கச் சொல்லி அனுப்பியிருக்கிறார்கள். நன்றாகத் தெரியும், ஆனால் காட்டிக்கொள்வதில்லை. அவரிடம் இருக்கும் ஒரே பெறுமதியான பொருள் அகில் நிறைந்த ஒரு சிறு பெட்டி. குடிவரவு அதிகாரி அதை எடுத்துக்கொள்கிறார். அந்த அதிகாரியின் பெற்றோரும் ருமேனியாவிலிருந்து அகதிகளாக வந்தவர்கள்தான். அவர்கள் ஐரோப்பியர்கள், அதனால் அவர்களுக்கு உரிமை உண்டு என்று அவரே இவருக்கு விளக்கம் சொல்கிறார். யாழ்ப்பாணத்திலிருந்து புறப்பட்டு ஹீத்ரோவில் இறங்கிய குடும்பங்களில் இந்தப் பத்திரிகையைப் படிப்பவர்களுக்கு அந்தக் காட்சியை நான் விளக்க வேண்டியதில்லை.

இலங்கைத் தமிழர் ஒருவரும் இந்த வரிசையில் இருக்கிறார். அ. சிவானந்தன், இலங்கையில் தமிழர்களுக்கு எதிராக நடந்த 1958 கலவரத்தை அடுத்து கொழும்பிலிருந்து லண்டனுக்கு வந்தார். வந்த ஆண்டே அங்கே நாட்டிங் ஹில்லில் கறுப்பின மக்கள் மீதான வன்முறையைப் பார்த்தார். நூலகராக வேலை பார்த்தார், இனவெறிக்கு எதிராக வாழ்நாளெல்லாம் எழுதினார். எழுபது வயதைக் கடந்த பிறகு, 1997இல், இலங்கையின் மூன்று தலைமுறைகளைச் சொல்லும் 'வென் மெமரி டைஸ்' என்ற தன் முதல் நாவலை வெளியிட்டார். பிரிட்டிஷ் நாவல் பற்றிய பட்டியல்களில் இது அரிதாகவே இடம்பெறுகிறது. இஷிகுரோவுக்கும் குர்னாவுக்கும் பக்கத்தில் தயங்காமல் இதை வைப்பேன்.

இன்னும் பலர் இருக்கிறார்கள். பெர்னார்டின் எவரிஸ்டோ பன்னிரண்டு பேரின் வாழ்க்கையை முற்றுப்புள்ளிகளைப் பெரும்பாலும் விட்டுவிட்டே எழுதினார். 2024இல் புக்கர் பெற்ற சமந்தா ஹார்வியின் 'ஆர்பிட்டல்' ஒரே நாளில் பூமியைப் பதினாறு முறை சுற்றிவரும் ஆறு விண்வெளி வீரர்களைப் பற்றியது. ஒரே மூச்சில் படித்துவிடலாம். ஜூலியன் பார்ன்ஸ் கச்சிதமானவர், ஆனால் என் மனசில் தங்கவில்லை.

ஒரு புத்தகத்தோடு தொடங்க நினைப்பவர்கள் ஸ்டீவன்ஸிடமிருந்தே தொடங்குங்கள். ஆங்கிலம் தெளிவானது, பக்கங்கள் அதிகமில்லை, அகராதி பெரும்பாலும் தேவைப்படாது. ஊர் நூலகத்தில் இல்லையென்றால் வாங்கச் சொல்லி எழுதிக் கொடுங்கள். படித்து முடித்ததும், உங்களுக்கு எந்த இடம் தாங்கவில்லை என்று எனக்குக் கடிதம் எழுதுங்கள். அடுத்த இதழில் இந்தப் பக்கத்தை உங்கள் கடிதங்களுக்குக் கொடுத்துவிடுகிறேன்.

அன்புடன்,
ஆசிரியர்